கரும்பில் தொடங்கிச் சாக்கில் முடியும் படங்கள்: தொடக்ககாலச் சர்க்கரை ஆலைகளைத் திரையில் எப்படிப் பார்ப்பது

சர்க்கரை ஆலையைக் காட்டும் பழைய மௌனப்படங்கள் பெரும்பாலும் ஒரே வரிசையில்தான் போகும். வயலில் கரும்பு வெட்டுகிறார்கள். வண்டியிலோ சிறு ரயிலிலோ ஏற்றுகிறார்கள். ஆலை வாசலில் இறங்கிய கரும்பு நகரும் பட்டையில் ஏறி உருளைகளுக்குள் போகிறது, சாறு கொட்டுகிறது. அடுத்த காட்சியிலேயே மையவிலக்கு எந்திரத்திலிருந்து சர்க்கரையைச் சுரண்டித் தள்ளுகிறார்கள். பிறகு சாக்கு மூட்டை, துறைமுகம், கப்பல். சாறு கொட்டுவதற்கும் சர்க்கரையைச் சுரண்டுவதற்கும் நடுவில் படத்தில் இருப்பது ஒரே ஒரு வெட்டு. ஆலையில் அந்த நேரத்துக்குள் பல மணி நேர வேலை நடந்து முடிந்திருக்கும். சாறு சர்க்கரையானதே அந்த நேரத்தில்தான்.

வெல்லம் காய்ச்சும் ஆலைக்கொட்டகையைப் பார்த்தவர்களுக்கு அந்த நடு வேலைகள் தெரியும். கொப்பரையில் சாறு கொதிக்கும், சுண்ணாம்பு போடுவார்கள், அழுக்கு நுரையை வழித்தெடுப்பார்கள், பாகு பதம் பார்ப்பார்கள். எல்லாம் திறந்த வெளியில், கண்முன்னால் நடக்கும். தொழிற்சாலையிலும் சாற்றுக்குச் சுண்ணாம்பு உண்டு, அழுக்கு நீக்கம் உண்டு, பதம் பார்ப்பது உண்டு. ஆனால் 1890களுக்குள் அவையெல்லாம் மூடிய இரும்புக் கலன்களுக்குள் போய்விட்டன. கேமரா ஆலைக்குள் வந்த காலமும் அதுவேதான். இந்தப் படங்களைச் சான்றாக எடுத்துக்கொள்கிறவர்கள் இதை முதலில் மனத்தில் வைக்க வேண்டும்: ஆலையின் இரு நுனிகளையும் அவை நம்பகமாகக் காட்டுகின்றன, நடுப்பகுதியை நாம்தான் தெரிந்துகொண்டு நிரப்ப வேண்டும்.

1899 குயின்ஸ்லாந்து, 1906 ஹவாய்

மிகப் பழைய எடுத்துக்காட்டுகளில் ஒன்று ஆஸ்திரேலியாவிலிருந்து வருகிறது. குயின்ஸ்லாந்து வேளாண் துறையில் ஓவியராகவும் புகைப்படக்காரராகவும் இருந்த பிரெடரிக் வில்ஸ், உதவியாளர் ஹென்றி மாப்ஸ்பியுடன் சேர்ந்து 1899ல் லூமியர் சினிமட்டோகிராஃப் கருவியால் அந்தக் காலனியின் தொழில்களைப் படமெடுத்தார். கரும்பு அறுவடையும் அவற்றில் உண்டு. அரசுத் துறை ஒன்று தானே எடுத்த படங்களில் இவை உலகிலேயே மிக முந்தியவற்றைச் சேர்ந்தவை. பிரிட்டனிலிருந்து குடியேற ஆட்களை ஈர்ப்பதுதான் நோக்கம். லூமியர் கருவியில் ஏறக்குறைய 17 மீட்டர் பிலிம்தான் கொள்ளும். கையால் சுழற்றினால் ஒரு நிமிடத்துக்குள் தீர்ந்துவிடும். ஆகவே ஒரு படம் என்றால் ஒரு காட்சி, ஒரு கோணம், அவ்வளவுதான். எடிசன் முறை பிலிமில் ஒவ்வொரு சட்டத்துக்கும், அதாவது பிலிமிலுள்ள ஒவ்வொரு ஒற்றைப் படத்துக்கும், இருபுறமும் நான்கு நான்கு துளைகள் இருக்கும். லூமியர் பிலிமில் பக்கத்துக்கு ஒரே ஒரு வட்டத் துளை. மூலச்சுருள் கையில் கிடைத்தால் முதலில் பார்க்க வேண்டிய அடையாளம் இது.

இரண்டாவது ஹவாய். எடிசன் நிறுவனத்தின் ஒளிப்பதிவாளர் ராபர்ட் போனைன் 1906ல் ஹவாய்த் தீவுகளில் எடுத்த வரிசையில் கரும்புத் தோட்டக் காட்சிகளும் இருக்கின்றன. வாஷிங்டனிலுள்ள காங்கிரஸ் நூலகத்தில் காகிதச் சுருளாகப் பதிவு செய்யப்பட்டதால் இவை பிழைத்தன. 1912 வரை அமெரிக்கச் சட்டத்தில் திரைப்படத்துக்கென்று தனிப் பதிப்புரிமை வகை கிடையாது. அதனால் படம் எடுத்தவர்கள் அதன் ஒவ்வொரு சட்டத்தையும் நீளமான புகைப்படத் தாளில் அச்சிட்டு, புகைப்படம் என்ற பெயரில் பதிவு செய்தார்கள். எளிதில் தீப்பிடித்தும் சிதைந்தும் போகும் அன்றைய மூல நைட்ரேட் பிலிம்கள் அழிந்த பிறகும் காகிதம் நின்றது. 1950களில் கெம்ப் நிவர் இவற்றைச் சட்டம் சட்டமாக மறுபடி 16 மி.மீ. பிலிமுக்கு மாற்றினார். அதில் ஒரு இழப்பு உண்டு. தாளின் சொரசொரப்பும் சிறிய பிலிமில் புள்ளிபுள்ளியாகத் தெரியும் துகள்களும் சேர்ந்து நுண்விவரத்தைத் தின்றுவிட்டன. உருளையின் பற்களை எண்ணலாம், ஆனால் சர்க்கரைப் படிகம் பெரிதா சிறிதா என்பதை அந்தப் பிரதிகளில் தேட வேண்டாம்.

ஹவாயைத் தேர்ந்தெடுப்பதற்குத் தொழில்நுட்பக் காரணமும் இருக்கிறது. 1898ல் அமெரிக்காவோடு இணைக்கப்பட்ட பிறகு அங்கே முதலீடு கொட்டியது. மாவி தீவின் புனேனே ஆலை 1901ல் ஓடத் தொடங்கியது. மூன்று மூன்று உருளைகள் கொண்ட மூன்று அரவை எந்திரங்களைத் தொடராக வைத்த 'ஒன்பது உருளை' ஆலைகள் அன்றைக்கு அங்கே சாதாரணம். போனைன் கேமராவைக் கொண்டுபோனது உலகின் மிக முன்னேறிய கரும்பாலைத் தொழிலுக்குள்.

வயல்: வெளிச்சம் நிறைந்த பகுதி

வயல் காட்சிகள்தான் மிகத் தெளிவாக இருக்கும், வெயில் அங்கேதான் இருக்கிறது. கவனிக்க வேண்டியது வெட்டும் விதம். கரும்பின் அடித்தூரில்தான் சர்க்கரை அதிகம், நுனியில் குறைவு. எனவே மண்ணை ஒட்டி வெட்ட வேண்டும், நுனிச் சோகையை முதிராத கணுக்களோடு கழிக்க வேண்டும். நுனியை நீளமாக விட்டால் குளூக்கோஸும் பிற அசுத்தங்களும் கூடச் சேர்ந்து சாற்றின் தூய்மையைக் குறைக்கும். கேமராவுக்கு முன்னால் ஆட்கள் பெரும்பாலும் வழக்கத்தைவிட வேகமாக வெட்டுகிறார்கள். நுனி கழிக்கும் வெட்டு எங்கே விழுகிறது என்று பார்த்தால் அந்த அவசரம் தெரியும்.

ஹவாயில் சுமை ஏற்றும் வேலைக்கு 'ஹாப்பாய் கோ' என்று பெயர். தோளில் கரும்புக்கட்டைத் தூக்கிக்கொண்டு, சாய்த்து வைத்த பலகையில் ஏறி, ரயில் பெட்டியில் போடுவது. தோட்ட வேலைகளிலேயே முதுகை முறிக்கும் வேலை இது. காய்ந்த சோகையை உரிப்பது 'ஹோலே ஹோலே', அதில் பெண்கள் அதிகம். குதிரைமேல் இருப்பவர் 'லூனா', மேஸ்திரி. செங்குத்தான ஹமாகுவா கடற்கரையில் ரயிலுக்குப் பதில் மரத்தாலான நீர்வாய்க்கால்கள் இருந்தன. ஓடும் தண்ணீரில் கரும்பை மிதக்கவிட்டு ஆலைக்கு அனுப்பினார்கள். திரையில் அழகான காட்சி அது, எனவே படக்காரர்கள் அதை விடவில்லை.

திரையில் தெரியாதது காலம். ஹவாயில் கரும்பு முதிர 18 முதல் 24 மாதம் ஆகும். நடவையும் அறுவடையையும் அடுத்தடுத்துக் காட்டும் படம் உண்மையில் இரண்டு வேறு வயல்களைக் காட்டுகிறது. எதிர்ப்பக்கத்தில், வெட்டிய பிறகு நேரம் ஓடிவிடும். வெட்டிய கரும்பில் சர்க்கரை தலைகீழாக்கம் அடைந்து குளூக்கோஸாகவும் பிரக்டோஸாகவும் உடைகிறது. இவை ஆலையில் படிகமாகாது, பாகோடு போய்விடும். ஒரு நாளுக்குள் அரைத்தால் நல்லது, இரண்டு நாளைத் தாண்டினால் இழப்பு கண்கூடு. ஆலை வாசலில் பெட்டிகள் வரிசையாக நிற்கும் காட்சியை வளத்தின் அடையாளமாகத்தான் படங்கள் காட்டுகின்றன. ஆலைக்காரர் கண்ணுக்கு அது அரவை தாமதம்.

உருளைகள்: படத்தின் வேகத்தை அளக்கும் கடிகாரம்

அரவைக்கூடம் வெப்பநாடுகளில் பெரும்பாலும் பக்கச்சுவர் இல்லாத கொட்டகை. அதனால் கேமராவுக்கு ஓரளவு வெளிச்சம் கிடைத்தது. பட்டையில் வரும் கரும்பு முதலில் ஆழமான கோணல்பற்கள் கொண்ட இரண்டு உருளைகளுக்கு நடுவே நொறுங்குகிறது. இது கிராஜெவ்ஸ்கி நொறுக்கி. அடுத்து மூன்று உருளை எந்திரங்கள். ஒவ்வொன்றிலும் கீழே இரண்டு, மேலே ஒன்று, முக்கோணமாக. மேல் உருளையை நீர்ம அழுத்தத்தால் நூற்றுக்கணக்கான டன் விசையில் அழுத்துகிறார்கள். கடைசி எந்திரத்துக்கு முன்னால் சக்கைமேல் வெந்நீர் தெளித்து மீண்டும் பிழிவார்கள். நீர் தெளிக்காமல் உலர்ந்தே அரைத்தால் சக்கையில் ஒட்டிய சாற்றை எந்த அழுத்தமும் வெளியே கொண்டுவராது. ஒன்பது உருளையும் தெளித்த நீரும் சேர்ந்து கரும்பிலுள்ள சர்க்கரையில் 92 முதல் 95 சதவீதத்தை எடுத்தன.

இந்த உருளைகள் வியப்பூட்டும் அளவுக்கு மெதுவாகச் சுற்றுபவை. இன்று இணையத்தில் பரவும் பிரதிகளில் அவை விறுவிறுவென்று சுற்றினால், தவறு படத்தின் வேகத்தில் இருக்கிறது. அன்று கையால் சுழற்றியது நொடிக்கு ஏறத்தாழ 16 சட்டம். பிறகு ஒலிப்பட எந்திரத்தில் 24 சட்டமாக ஓட்டினால் எல்லாம் ஒன்றரை மடங்கு வேகமாகிவிடும். மனிதர் நடையை வைத்து இதைச் சரிசெய்ய முயல்வது வழக்கம், ஆனால் நடை ஆளுக்கு ஆள் மாறும். உருளை அப்படி மாறாது. 34 அங்குல விட்டமுள்ள உருளையின் சுற்றளவு சுமார் 8.9 அடி. அக்கால உருளைகளின் பரப்பு நிமிடத்துக்கு 20 முதல் 25 அடி நகரும்படி ஓட்டப்பட்டன. 22 அடி என்று கொண்டால் ஒரு முழுச் சுற்றுக்கு 24 நொடி. பிரதியில் அதே சுற்று 16 நொடியில் முடிந்தால், ஒன்றரை மடங்கு வேகத்தில் பார்க்கிறோம் என்று பொருள். உருளையின் ஓரத்தில் ஏதாவது ஒரு சிராய்ப்பையோ பல் உடைந்த இடத்தையோ குறியாக வைத்துக்கொண்டு எண்ணலாம். இதில் ஒரு எச்சரிக்கை: கரும்பு அதிகமாக வந்து திணறும்போது நீராவி எந்திரம் வேகம் குறையும். சீராக ஓடும் காட்சியில் மட்டுமே இந்தக் கணக்கு சரிவரும்.

திணறலும் படங்களில் சில நேரம் அகப்படுகிறது. பட்டையில் கரும்பு சீராகப் பரவாமல் குவியலாக வந்தால் முன் உருளை அதைக் கவ்வாமல் வழுக்கும், சக்கை பின்னால் தேங்கும். கீழிரு உருளைகளுக்கு நடுவே சக்கையைத் திருப்பிவிடும் தகடு ஒன்று உண்டு. அது சற்று உயரமாகப் பொருத்தப்பட்டிருந்தால் மேல் உருளை அதோடு உராய்ந்து எந்திரமே முனகும், சற்றுத் தாழ்ந்திருந்தால் சக்கை அங்கேயே அடைத்துக்கொள்ளும். பட்டை ஓரத்தில் நீண்ட கம்போடு நிற்கும் ஆள் சும்மா நிற்கவில்லை. குவியலைக் கலைத்துச் சீராக்குவதுதான் அவர் வேலை. அந்தக் கம்பின் அசைவு நின்றுபோன நாள்களில்தான் தண்டு முறிந்தது.

பிழிந்த சக்கை நேராகக் கொதிகலனுக்குப் போய் எரிபொருளாகிறது. ஈரப்பதம் 45 சதவீதத்தை ஒட்டி இருந்தால் நன்றாக எரியும். 50ஐத் தாண்டினால் புகையும் மந்தமான தணலும்தான். படங்கள் விரும்பிக் காட்டும் கரும்புகை கக்கும் புகைபோக்கி ஆலையின் வல்லமையைக் குறிப்பதாகப் பார்வையாளர் எடுத்துக்கொள்கிறார். கடைசி எந்திரம் சரியாகப் பிழியாமல் ஈரச்சக்கை வந்தாலும் புகைபோக்கி அப்படித்தான் புகையும்.

படத்தில் இல்லாத ஆலை

இனி வெட்டுக்குள் போன பகுதி. கரும்புச்சாறு இயல்பில் அமிலத்தன்மை உள்ளது, கலங்கலானது. அதில் சுண்ணாம்புப் பால் சேர்த்து, கொதிநிலையை ஒட்டிச் சூடாக்கித் தெளிய விடுவார்கள். பாஸ்பேட்டும் புரதமும் பசையும் திரண்டு அடியில் படியும். அன்று அளவு பார்த்தது லிட்மஸ் தாளும் ஆளின் கண்ணும்தான். சுண்ணாம்பு குறைந்தால் சாறு தெளியாது, அமிலத்தில் சர்க்கரை உடையும். கூடினால் குளூக்கோஸ் சிதைந்து சாறு கறுக்கும், பின்னால் குழாய்களில் கசடு கட்டியாகப் பிடிக்கும். அடியில் படிந்த அழுக்கைத் துணி போர்த்திய தகடுகளுக்கு நடுவே அழுத்தி வடிகட்டுவார்கள். இந்த வடிகட்டிகளைப் பிரித்துக் காட்டும் காட்சி அபூர்வமாகக் கிடைத்தால் நிறுத்திப் பார்க்க வேண்டும். அழுக்கு கெட்டியான வில்லையாக உதிர்ந்தால் சுண்ணாம்பு அளவு சரி. கூழாக வழிந்தால் தவறு.

அடுத்தது நீர் வற்றச் செய்தல். இங்கே ஒரு பெயரைச் சொல்லியாக வேண்டும்: நோர்பெர்ட் ரில்லியூ. 1806ல் நியூ ஆர்லியன்ஸில் பிறந்த கறுப்பின வழித்தோன்றல், பாரிசில் படித்த பொறியாளர். ஒரு கலனில் எழும் ஆவியையே அடுத்த கலனின் வெப்பமாகப் பயன்படுத்தும் பன்மடி ஆவியாக்கிக்கு அவர் 1843ல் முதல் காப்புரிமை பெற்றார். கலனுக்குக் கலன் காற்றழுத்தம் குறைந்துகொண்டே போவதால் கொதிநிலையும் தாழ்கிறது. அதனால் முந்தைய கலனின் சற்று ஆறிய ஆவியே அடுத்ததைக் கொதிக்க வைக்கப் போதும். கணக்கு எளிது. கரைபொருள் 15 சதவீதமுள்ள 100 டன் சாற்றை 60 சதவீதப் பாகாக்க 75 டன் நீரைப் போக்க வேண்டும். ஒற்றைக் கலனில் அதற்கு 75 டன்னுக்கு மேல் நீராவி தேவை, நான்கு கலன் தொடரில் ஏறக்குறைய 20 டன் போதும். சக்கையை மட்டுமே எரித்து ஆலையை ஓட்ட முடிந்தது இதனால்தான். அடிமை முறை நடப்பிலிருந்த லூசியானாவில், திறந்த கொப்பரை வரிசையில் கொதிக்கும் சாற்றை அகப்பையால் மாற்றி ஊற்றிய ஆபத்தான வேலையையும் இது வழக்கொழித்தது. இத்தனை முக்கியமான கருவி திரையில் எப்படித் தெரியும்? நான்கு இரும்பு உருளைக்கலன், மேலே தடித்த குழாய், பக்கத்தில் சிறு கண்ணாடிச் சாளரம். எதுவும் அசைவதில்லை. அசைவைப் பதிவதற்காகவே பிறந்த ஊடகத்துக்கு இங்கே பிடிக்க ஒன்றுமில்லை.

கடைசி மூடிய கலன் வெற்றிடப் பான். எட்வர்ட் ஹோவர்ட் 1813ல் இங்கிலாந்தில் காப்புரிமை பெற்றது. காற்றை உறிஞ்சிவிட்டால் பாகு 60 முதல் 70 டிகிரியிலேயே கொதிக்கும், கருகாது. ஆலை முழுவதிலும் அதிகக் கைத்திறன் கேட்கும் இடம் இதுதான், பான் கொதிக்க வைப்பவர்தான் ஆலையின் மிக மதிப்புள்ள தொழிலாளி. பாகை உறிஞ்சிக் கெட்டியாக்கி, படிகம் பிறக்கும் நொடியைப் பிடிக்க வேண்டும். பித்தளைக் கோல் ஒன்றைப் பானுக்குள் செருகி, வெற்றிடம் உடையாமல் சிறிது மாதிரி எடுப்பார். அதைக் கண்ணாடித் துண்டில் தடவி விளக்கு வெளிச்சத்துக்கு எதிரே பிடிப்பார். படிக மணி போதுமான அளவுக்குத் தோன்றியதும் பாகைச் சிறிது சிறிதாகச் செலுத்தி, புது மணி பிறக்கவிடாமல் இருக்கிற மணியையே வளர்ப்பார். பாகு அளவுக்கு மீறிக் கெட்டியாகிவிட்டாலோ, வெற்றிடம் திடீரென ஏறி வெப்பம் இறங்கினாலோ, பெரிய மணிகளுக்கு நடுவே தூசு போன்ற பொய்மணி பிறந்துவிடும். உடனே வெப்பத்தை ஏறவிட்டு, வெந்நீரோ நீர்த்த சாறோ உள்ளே எடுத்து அதைக் கரைக்க வேண்டும். நேரமும் நீராவியும் வீண்தான், ஆனால் விட்டுவைத்தால் அடுத்த கட்டத்தில் மையவிலக்கு எந்திரம் தண்டிக்கும்.

அந்தக் கோலை இழுத்துக் கண்ணாடியில் தடவிப் பார்க்கும் காட்சி அருமையான குளோசப்பாக அமைந்திருக்கும். ஆனால் 1906ல் அப்படி அண்மையில் போய் எடுக்கும் பழக்கம் தொழிற்படங்களில் மிகக் குறைவு, வெளிச்சமும் இல்லை.

வெளிச்சக் கணக்கு

நொடிக்கு 16 சட்டம், பாதி திறந்த ஷட்டர் என்றால் ஒவ்வொரு சட்டத்துக்கும் ஒளி விழும் நேரம் 1/32 நொடி. அக்கால நெகட்டிவின் வேகத்துக்கு உச்சி வெயிலில் லென்ஸ் துவாரம் எஃப் 11ஐ ஒட்டி வைத்தால் சரியாக இருக்கும் (எஃப் எண் குறையக் குறையத் துவாரம் பெரிதாகும்). கொதிகூடத்தில் வெளிச்சம் வெயிலில் இருநூறில் ஒரு பங்கு என்றே வைத்துக்கொள்வோம். லென்ஸை எஃப் 4 வரை திறந்தால் 8 மடங்கு ஒளி கூடும். கைப்பிடியைப் பாதி வேகத்தில் சுற்றினால் இன்னும் 2 மடங்கு. மொத்தம் 16 மடங்குதான். தேவையில் பன்னிரண்டில் ஒரு பங்குகூட இல்லை. அதற்கு மேல் நீராவி, லென்ஸில் படியும் ஈரம்.

செயற்கை ஒளியால் முடிந்திருக்கும். 1904ல் அமெரிக்கப் படநிறுவனமான பயோகிராப்புக்காக பில்லி பிட்சர், பிட்ஸ்பர்க் பகுதியில் வெஸ்டிங்ஹவுஸ் தொழிற்சாலைகளின் உட்புறத்தைக் கூப்பர் ஹூவிட் பாதரச விளக்குகளை வைத்துப் படமெடுத்தார். ஆனால் அது மின்கருவி செய்யும் நிறுவனமே ஏற்பாடு செய்த படம். பசிபிக் தீவின் தோட்டத்துக்கு அந்த விளக்குகளையும் நேர்மின்சாரத்தையும் கொண்டுபோவது வேறு கதை. தீவுக்கு வந்த ஒளிப்பதிவாளருக்கு வாய்த்தவை வாசல், திறந்த கொட்டகை, சன்னலோரம். ஆலையின் எந்தப் பகுதி படத்தில் இருக்கும் என்பதைப் பல நேரம் கூரையின் அமைப்பே முடிவு செய்தது.

இதிலிருந்து ஒரு துப்பும் கிடைக்கிறது. வயல் காட்சி இயல்பான வேகத்திலும், உட்புறக் காட்சி மட்டும் இரு மடங்கு வேகத்திலும் ஓடினால், ஒளிப்பதிவாளர் இருட்டுக்காகக் கைப்பிடியை மெதுவாகச் சுற்றியிருக்கிறார். ஒரே சுருளுக்கு ஒரே வேகத் திருத்தம் போட்டால் போதாது, காட்சிக்குக் காட்சி பார்க்க வேண்டும்.

மையவிலக்கு எந்திரம்

பானிலிருந்து இறங்கும் மாசக்யூட், அதாவது படிகமும் பாகும் கலந்த கூழ், மையவிலக்கு எந்திரத்துக்கு வருகிறது. படங்களின் உச்சக் காட்சி இதுதான். ஹவாய்க்கு இதில் சொந்தப் பெருமை உண்டு: 1850களின் தொடக்கத்தில் டேவிட் வெஸ்டன் ஹொனலூலுவில் இதைச் சர்க்கரைக்கு ஏற்றபடி அமைத்தார். மேலிருந்து தொங்கும் தண்டு, அடியில் துளையிட்ட கூடை, உள்ளே நுண்ணிய பித்தளை வலை. தண்டு ரப்பர் தாங்கியில் தொங்குவதால், கூழ் ஒருபக்கம் கூடிப்போனாலும் கூடை தானே சமநிலை தேடிக்கொள்ளும். மிகவும் ஏறுமாறாக ஊற்றினால் அதுவும் உதவாது. கூடை ஆடத் தொடங்கும், உடனே பட்டையை விலக்கி நிறுத்த வேண்டும்.

நிமிடத்துக்கு 1,000 முதல் 1,200 சுற்று. பாகு வலை வழியே வெளியே பறக்க, படிகம் சுவரில் தங்கும். சிறிது நீர் தெளித்துக் கழுவி, நிறுத்தி, மரத்துடுப்பால் சுவரிலிருந்து பெயர்த்து அடித்துளை வழியே தள்ளுவார்கள். திரையில் கூடை சுற்றுவதே தெரியாமல் நிற்பதுபோல் இருக்கும். 1,100 சுற்று என்றால் 1/32 நொடியில் அது அரைச்சுற்றுக்கு மேல் சுற்றிவிடுகிறது. ஒரே சட்டத்துக்குள் எல்லாம் கலங்கி வழவழப்பான சுவராகிவிடும். நின்றுவிட்டது என்று நினைக்க வேண்டாம். மேலேயுள்ள பட்டை அசைகிறதா என்று பாருங்கள்.

பானில் பொய்மணி பிறந்திருந்தால் இங்கே காட்டிக்கொடுக்கும். நுண்மணி வலையை அடைத்துவிடும், பாகு வெளியேறாது, சுவரில் கறுத்த பட்டைகள் நிற்கும், ஆள் கூடுதல் நீர் தெளிப்பார். திரையில் இல்லாத கலனில் நேர்ந்த பிழை திரையில் தெரியும் ஒரே இடம் இது.

நிறத்தை மட்டும் நம்பக்கூடாது. 1920களின் நடுப்பகுதி வரை நெகட்டிவ் பிலிம்கள் பெரும்பாலும் சிவப்பை உணராதவை. மஞ்சளும் பழுப்பும் உண்மையைவிட மிகக் கறுப்பாகப் பதியும். ஹவாய் அனுப்பியது 96 பாகைத் தரத்தை (ஏறக்குறைய 96 சதவீதம் சர்க்கரை) ஒட்டிய பழுப்புக் கச்சாச் சர்க்கரை, வெளுக்கும் வேலை கலிபோர்னியாவின் சுத்திகரிப்பு ஆலைகளுக்கு. அந்த இளம்பழுப்பு திரையில் ஈரமண் போலத் தெரிவது பிலிமின் குறை. அன்றைய ஆலையின் தரத்தை அதை வைத்து எடை போட முடியாது. தொழிலாளர்களின் தோல்நிறத்துக்கும் இது பொருந்தும். முகத்தின் நிறத்தை வைத்து இன அடையாளம் சொல்லும் விளக்கக் குறிப்புகள் பல நேரம் பிழையானவை. தலைத்துணி, தொப்பி, காலணி, வெட்டுக்கத்தியின் வடிவம் ஆகியவை நம்பத்தக்கவை.

எந்த நாடு, எந்த ஆண்டு

படத்தின் பெயரைக் காட்டும் தொடக்கப் பகுதி தொலைந்த சுருள்களை அடையாளம் காண ஆலைப்பொருள்கள் உதவும். கரும்பு இரும்புத் தோணிகளில், கால்வாய் வழியே கோவேறு கழுதை இழுக்க வந்தால் பிரிட்டிஷ் கயானா. நீர்வாய்க்காலில் மிதந்தால் பெரும்பாலும் ஹவாய். இரண்டடி அகலத் தண்டவாளம் என்றால் குயின்ஸ்லாந்தும் பிஜியும் நினைவுக்கு வர வேண்டும். மூட்டையும் பேசும்: ஹவாய் மூட்டை சுமார் 125 பவுண்டு, ஒருவர் தூக்கலாம். கியூபா மூட்டை 325 பவுண்டு, தனி ஆள் தலைச்சுமையாகப் போவது அரிது.

குயின்ஸ்லாந்துக்கும் பிஜிக்கும் உள்ள ஒற்றுமை தமிழர்களுக்கு முக்கியமானது. இரு இடத்திலும் சி.எஸ்.ஆர். எனப்படும் காலனியல் சுகர் ரிஃபைனிங் கம்பெனி ஆலைகள் நடத்தியது. பிஜிக்கு இந்திய ஒப்பந்தத் தொழிலாளர்களைக் கொண்டு சென்ற முதல் கப்பல் லியோனிடாஸ் 1879ல் சேர்ந்தது, சென்னை வழியாகத் தென்னிந்தியர்கள் போகத் தொடங்கியது 1903ல். தென்னாப்பிரிக்காவின் நேட்டாலுக்கு 1860லேயே ட்ரூரோ கப்பல் சென்னையிலிருந்து போய்விட்டது. அந்தத் தலைமுறையினர் எந்த மாதிரிப் பெட்டியில் கரும்பு ஏற்றினார்கள், எந்த மாதிரிப் பட்டையின் ஓரம் நின்றார்கள் என்று பார்க்க விரும்புகிறவர்களுக்குக் குயின்ஸ்லாந்துச் சுருள்கள் மிக நெருக்கமான சான்று.

அந்தச் சுருள்கள் சொல்லாததையும் சேர்த்தே பார்க்க வேண்டும். 1863 முதல் 1904 வரை மெலனீசியத் தீவுகளிலிருந்து ஒப்பந்தத்திலும், தொடக்க காலத்தில் பலர் கடத்தப்பட்டும் குயின்ஸ்லாந்துக் கரும்புக்கு வந்தார்கள். வில்ஸ் படமெடுத்த இரண்டே ஆண்டில், 1901ல், அவர்களை வெளியேற்றும் சட்டம் வந்தது. 1906 முடிவிலிருந்து பெரும்பாலோர் நாடுகடத்தப்பட்டார்கள். ஹவாயில் போனைன் எடுத்த மூன்றாம் ஆண்டு, 1909ல், ஓவாஹு தீவில் சுமார் 7,000 ஜப்பானியத் தொழிலாளர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள். ஒரே வேலைக்கு அவர்களுக்கு மாதம் 18 டாலர், போர்த்துக்கீசியருக்கும் போர்ட்டோ ரிக்கோவினருக்கும் 22.50 டாலர். தோட்டத்தில் அவர்களை அழைத்தது பெயர் சொல்லி அல்ல, 'பாங்கோ' என்ற உலோக வில்லையிலுள்ள எண்ணைச் சொல்லி.

ஆண்டைக் கண்டுபிடிக்க பிலிமின் ஓரத்தையே பார்ப்பது முதல் வழி. கோடக் பிலிம்களில் 1916 முதல் வட்டம், சதுரம், முக்கோணம் போன்ற குறிகளால் தயாரிப்பு ஆண்டு குறிக்கப்பட்டது. வட்டம் 1916, சதுரம் 1917, முக்கோணம் 1918. சிக்கல் என்னவென்றால் இந்த வரிசை 20 ஆண்டுக்கு ஒருமுறை திரும்ப வரும், ஆகவே ஒற்றை வட்டம் 1916ஆகவும் இருக்கலாம், 1936, 1956ஆகவும் இருக்கலாம். பிலிம் நைட்ரேட் என்றால் 1956 அடிபட்டுவிடும், கோடக் அதற்குள் நைட்ரேட் தயாரிப்பை நிறுத்திவிட்டது. மீதி இரண்டில் ஒன்றை ஆலைதான் சொல்லும். அரவைக்கூடத்தில் ஓட்டத்தைச் சீராக்கும் பெரிய கனச்சக்கரத்தோடு (ஃப்ளைவீல்) நீராவி எந்திரமும், மையவிலக்குகளின் மேலே நீண்ட தண்டும் தோல்பட்டைகளும் ஓடினால் 1916 பக்கம் எடை கூடும். ஒவ்வொரு கூடைக்கும் மேலே தனி மின்மோட்டார், வயலில் சங்கிலிக் கொக்கியால் கட்டைத் தூக்கும் கிரேன் என்றால் 1936. ஓரக்குறி நெகட்டிவிலிருந்து பிரதிக்கும் அச்சாகி வந்திருக்கலாம் என்பதால், ஒரே ஓரத்தில் இரண்டு குறிகள் தெரிந்தால் வெளிறித் தெரிவது எது, அழுத்தமாகத் தெரிவது எது என்று குறித்துக்கொள்ள வேண்டும். நெகட்டிவின் ஆண்டும் பிரதியின் ஆண்டும் வேறு வேறு.